பையப் போடுலே

மாரிசெல்வத்தை உள்ளே தள்ளியது ஒரு சொல். அருவாள் இல்லை, கம்பு இல்லை, ஒரு கூழாங்கல்கூட இல்லை. வெறும் சொல். தாமிரபரணித் தண்ணீர் குடித்து வளர்ந்தவன் எவனும் ஒரு நாளைக்குப் பத்துத் தடவையாவது சொல்லுகிற சொல். மாடிப்படியில் பீரோ இறக்கும்போது சொல்லுவான், பாலைச் சுடச்சுடக் குடிக்கிற பிள்ளையிடம் சொல்லுவான், முழுகாமல் இருக்கிற பெண் பஸ்ஸை விட்டு இறங்கும்போது சொல்லுவான். அதற்குக் கொலை முயற்சி என்று பேர் வைத்துப் பாளையங்கோட்டை ஜெயிலில் கொண்டுபோய் அடைத்துவிட்டார்கள். கேட்கிறவனுக்கு வயிறு எரியுமா எரியாதா?

அந்தச் சொல்லைப் போலீஸ் கையில் கொண்டுபோய்க் கொடுத்தது யார் என்றால், அங்கேதான் கொடுமை. ஃபஹ்மிதாவின் கேமரா. அவள் கெட்ட எண்ணத்தில் செய்யவில்லை. தொழில் புத்தியில் செய்தாள்.

ஃபஹ்மிதா மேலப்பாளையத்துக்காரி, கல்யாண வீடியோ எடுக்கிறவள். அங்கே நிக்காஹ் வீட்டில் பெண்கள் பக்கம் ஆம்பிளைக் கேமராக்காரன் எட்டிப் பார்க்க முடியாது. ஆகவே அவளுக்கு நல்ல கிராக்கி. ஒவ்வொரு கல்யாணத்துக்கும் இரண்டு படம் வெட்டிக் கொடுப்பாள். ஒன்றுக்கு உள்படம் என்று பேர். அது வீட்டுப் பெண்களுக்கு மட்டும். முகம், சிரிப்பு, மச்சினிமார் கேலி எல்லாம் அதில் இருக்கும். மற்றது வெளிப்படம். அதை துபாயில் இருக்கிற மாப்பிள்ளையின் கூட்டாளியும் பார்ப்பான், எதிர்வீட்டு ஆம்பிளையும் பார்ப்பான். அதனால் அதில் ஒரு பெண் முகமும் தெரியாது. மருதாணிக் கை தெரியும், பூ தெரியும், பந்தியில் ஆவி பறக்கிற பிரியாணிச் சட்டி தெரியும், பெண்களின் சத்தம் மட்டும் பின்னால் ஓடும். யாராவது பெண் பேரைச் சொல்லிக் கூப்பிட்டால் அந்த இடத்தில் சத்தத்தையும் நறுக்கிவிடுவாள். அவள் கைபட்ட படத்திலிருந்து ஒரு முகம் வெளியே போனதாக இதுவரை பேச்சு வந்ததில்லை.

இப்படிப்பட்டவளுக்கு ரோட்டு மறியலில் என்ன வேலை என்று கேட்கலாம். அவள் மகள் தஸ்மியா மஞ்சள்காமாலையில் படுத்தாளே, அதுதான் வேலை. அந்தத் தெருவிலும் பக்கத்துத் தெருவிலும் குடிதண்ணீர்க் குழாயில் சாக்கடை கலந்து வந்துகொண்டிருந்தது. கூப்பிடு தூரத்தில் ஆறு ஓடுகிறது. குழாயைத் திறந்தால் குடலைப் புரட்டுகிறது. வீட்டுக்கு ஒரு பிள்ளை கண் மஞ்சளாகிக் கிடந்தது. மனுக் கொடுத்தார்கள். வந்து பார்த்த அதிகாரி தண்ணீரை மோந்துகூடப் பார்க்காமல், பாசி வாடைதான் என்று சொல்லிவிட்டுக் காரில் ஏறிப் போனார். ஏன் மோக்கவில்லை? மோந்தால் தெரிந்துவிடும் என்றுதான். அன்றிலிருந்து ஃபஹ்மிதா காலையில் குழாயடிக்குப் போய், குடத்தில் விழுகிற தண்ணீரின் நிறத்தைப் படம் எடுத்துத் தெரு வாட்ஸ்ஆப் குழுவில் போட ஆரம்பித்தாள். படத்தைப் பார்த்துப் பார்த்துக் கொதித்த பெண்கள்தான் ஒரு திங்கட்கிழமை குடத்தோடு போய் ரோட்டில் உட்கார்ந்தார்கள். பர்தா போட்டவளும் இருந்தாள், மஞ்சள் பூசியவளும் இருந்தாள். நாற்றத்துக்கு வித்தியாசம் தெரியாது.

போலீஸ் வந்தது. எழுந்திருக்கச் சொன்னது. ஜனாபா மாமி, பீடி சுற்றிப் பிழைக்கிறவள், ஒரு சொம்புத் தண்ணீரை இன்ஸ்பெக்டர் முன்னால் நீட்டி, "இத ஒரு வாய் குடிங்க, நாங்க எந்திரிச்சுப் போயிருதோம்" என்றாள். நியாயமான பேச்சு. அதற்குப் பதிலாகத் தடியடி நடந்தது.

குடம் உருண்டது, ஆள் உருண்டது. ரோட்டோரம் தில்லைநாயகம் அண்ணாச்சியின் பெயிண்ட் கடை. பெண்கள் அதற்குள் பாய்ந்தார்கள். கேமராவை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு ஃபஹ்மிதா வாசலில் நின்று தெருவை எடுத்தாள். எந்தப் பக்கத்திலிருந்தோ ஒரு மஞ்சப்பை பறந்து வந்து ஒரு சப்-இன்ஸ்பெக்டரின் தோளில் விழுந்தது. உள்ளே கல் இருந்திருக்கிறது. எறிந்தவன் யார் என்று இன்றுவரை யாருக்கும் தெரியாது. அதற்குப் பிறகு கம்பு கடை வாசலுக்கே வந்துவிட, அவளும் உள்ளே நுழைந்து கேமராவைத் திருப்பினாள். கடைச் சிப்பந்தி முத்துமாலை பதறிப்போய் ஷட்டரை ஒரே இழுப்பாக இழுத்தான். வாசற்படியில் தடுக்கி விழுந்த ஜனாபா மாமியின் கை, விரல் ஐந்தும் விரிந்து, ஷட்டர் இறங்குகிற தடத்தில் கிடந்தது.

அதைப் பார்த்தது மாரிசெல்வம் ஒருத்தன்தான். பக்கத்துத் தெருவில் குடியிருந்து குட்டியானை வண்டி ஓட்டுகிறவன், பெயிண்ட் லோடு இறக்க வந்தவன். அவன்தான் ஷட்டரில் தோளைக் கொடுத்துத் தாங்கிக்கொண்டு கத்தினான்: "பையப் போடுலே. ஜனாபா மாமி கை கெடக்கு, பைய."

மெல்ல இறக்கச் சொன்னான். நடந்தது இவ்வளவுதான்.

வீட்டுக்கு வந்த ஃபஹ்மிதா அன்று சாயங்காலமே ஒரு துண்டு வெட்டி அதே குழுவில் போட்டாள். கோபம் தலைக்கேறியிருந்தது. ஆனால் கை பழைய கைதானே. கடைக்குள் எடுத்ததில் பெண்களின் முகம் இருந்தது. முகத்திரை அவிழ்ந்து, தலை கலைந்து, அழுதுகொண்டு. அதை எடுத்துவிட்டாள். சத்தம் மட்டும் ஓடட்டும் என்று விட்டு, மேலே தெருவில் எடுத்த காட்சியை ஒட்டினாள். வெளிப்படம். 'ஜனாபா' என்று பேர் வருகிறதே என்று அந்த இரண்டாவது வாக்கியத்தையே சத்தத்திலிருந்து நறுக்கினாள். அவள் ஒட்டிய காட்சியில் மூலையோரமாக ஒரு மஞ்சப்பை பறந்தது. கம்பையும் விழுகிற உடம்பையும் பார்த்துக்கொண்டிருந்தவள் அதைக் கவனிக்கவே இல்லை.

ஊரெல்லாம் பரவிய அந்தத் துண்டில், "பையப் போடுலே" என்று ஓர் ஆம்பிளைக் குரல் கத்துகிறது. பை பறக்கிறது. சப்-இன்ஸ்பெக்டர் தோளைப் பிடித்துக்கொண்டு உட்காருகிறார். இன்ஸ்பெக்டர் வேலூர்ப் பக்கத்திலிருந்து மாற்றலாகி வந்தவர். அவருக்கு வேறென்ன வேண்டும்? 'பையைப் போடுலே என்று உரக்கக் கூவிக் கல் நிரப்பிய பையை வீசும்படி ஏவினார்' என்று வழக்குப் பதிவானது. கடை வாசலில் நின்ற குட்டியானையை வைத்து மறுநாள் விடியுமுன் மாரிசெல்வத்தைத் தூக்கிவிட்டார்கள். கூடவே, 'பார்த்தால் அடையாளம் காட்டக்கூடிய மேலும் ஐம்பது பேர்' என்று ஒரு வரி.

மாரிசெல்வத்தின் மனைவி இசக்கியம்மாள் நேரே ஃபஹ்மிதா வீட்டு வாசலில் வந்து நின்றாள்.

"ஒன் படத்தாலதான அவரப் பிடிச்சிட்டுப் போனாவ?" என்றாள். "கல்யாணம் எடுக்கவளுக்கு இந்த வேல எதுக்குட்டி?"

ஃபஹ்மிதா அவளை உள்ளே கூட்டிக்கொண்டுபோய், கம்ப்யூட்டரில் முழுப் படத்தையும் போட்டுக் காட்டினாள். வெட்டாத படம். பை முதலில் பறந்து விழுகிறது. பிறகுதான் கேமரா திரும்புகிறது. ஷட்டர் இறங்குகிறது, மாரிசெல்வம் தோளைக் கொடுக்கிறான், அந்தக் குரல். இசக்கியம்மாள் கணவனின் தோளைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். முதுகுவலி, தூக்கச் சொல்லாதே என்று வீட்டில் சிலிண்டரைக்கூடத் தொடாதவன் அவன்.

"இதக் கொண்டு குடுக்க வேண்டியதுதான?"

"குடுக்கலாம் மதினி. கூட யாரு யாரு தெரியுதாவன்னு பாருங்க. ஐம்பது பேருன்னு எழுதி வச்சிருக்காவ, ஒருத்தருக்கும் பேரு கெடையாது, மூஞ்சி கெடையாது. இந்தக் கேமராக் கார்டு போலீஸ் கைக்குப் போச்சுன்னா அத்தன மூஞ்சியும் கெடச்சிரும். ஒவ்வொரு வீடா வருவாவ."

"அப்ப எம் புருசன் மூஞ்சி மட்டும் கெடந்தாப் போதுமா?"

இசக்கியம்மாள் கேட்டதில் ஒரு பிழையும் இல்லை. மற்றவர்களின் முகத்தை மறைக்கப்போய்த்தான் இவள் புருஷனின் குரல் மாட்டிக்கொண்டது. இப்போது அவனை எடுக்க வேண்டுமானால் மறைத்ததை எல்லாம் திறக்க வேண்டும். இப்படியும் ஒரு இக்கட்டு ஒரு மனுஷிக்கு வருமா என்று ஃபஹ்மிதா அடுப்படியில் போய் நின்று அழுதாள். பிறகு முகத்தைக் கழுவிக்கொண்டு, வக்கீலைப் பார்க்கலாம் என்று இசக்கியம்மாளையும் கூட்டிக்கொண்டு கிளம்பினாள்.

தெரு முனையிலேயே ஏட்டு நேசையா எதிரே வந்தார். தாமிரபரணிக் கரை ஏரல்காரர். மேலப்பாளையத்தில் பாதிக் கல்யாணத்துக்கு வந்து சாப்பிட்டுப் போனவர், ஃபஹ்மிதாவைப் பிள்ளை என்றுதான் கூப்பிடுவார். கையில் சம்மன் வைத்திருந்தார்.

"பிள்ள, கேமராவையும் கார்டையும் ஸ்டேஷன்ல ஒப்படைச்சிரு. வம்பு வச்சிக்கிடாத."

"அண்ணாச்சி, எஃப்.ஐ.ஆர் ஒங்க கையெழுத்துத்தான?"

"ஆமா. இன்ஸ்பெக்டர் சொன்னாரு, எழுதுனேன்."

"ஏரல்ல 'பைய'ன்னா என்ன அண்ணாச்சி?"

நேசையா தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். இசக்கியம்மாள் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"அவருக்கு அப்பிடிக் கேட்டிருக்கு," என்றார்.

"ஒங்களுக்கு எப்பிடிக் கேட்டுச்சு?"

"ரிட்டயராவப் போறவன்ட்ட இதெல்லாம் கேக்காத பிள்ள. கார்டக் குடு."

"ஒங்க கைக்குக் கார்டு வராது," என்றாள் ஃபஹ்மிதா. "சம்மனுக்குக் கையெழுத்துப் போடுதேன். குடுக்கதா இருந்தா கோர்ட்டுல குடுப்பேன். காதுல விழுந்தத ஒழுங்கா எழுதத் தெரியாத ஸ்டேஷன்ல, கண்ணுல விழுந்ததக் கொண்டு குடுக்க நான் ஆளில்ல."

ஏட்டு சம்மனையும் பேனாவையும் நீட்டினார்.

வண்ணார்பேட்டையில் வக்கீல் அனுராதா படத்தை இரண்டு தரம் பார்த்தாள். கறாரான ஆள், ஆறுதல் வார்த்தை அவள் வாயில் வராது. வெட்டிய படம் கோர்ட்டில் நிற்காது, கொடுத்தால் அசலை அப்படியே கொடுக்க வேண்டும் என்றாள். "கொடுத்தாலும், ஏற்கெனவே ஒரு தடவ வெட்டி ஒட்டுனவ நீங்க. இதையும் அப்பிடித்தான் செஞ்சிருக்காங்கன்னு சொல்வாங்க. லேபுக்குப் போகணும்பாங்க. ரிப்போர்ட் வர மாசக்கணக்கா ஆகும். இருந்தாலும் அசல் இல்லாம நான் போய் நின்னா ஜாமீன்கூடக் கெடைக்காது."

"அதுல தெரியுத பொம்பளைங்க?"

"கேஸ்ல சேப்பாங்க. அதையும் இப்பவே சொல்லிடறேன்."

இசக்கியம்மாள் இருவரையும் பார்த்தாள். கார்டைக் கொடு என்று கேட்கவில்லை. கேட்டிருந்தால்கூடத் தேவலை என்று இருந்தது ஃபஹ்மிதாவுக்கு.

அங்கிருந்து அவள் நேரே ஜனாபா மாமி வீட்டுக்குப் போனாள். மாமியின் மணிக்கட்டில் அடிபட்டுக் கட்டுப் போட்டிருந்தது. விரல்கள் மட்டும் கட்டுக்கு வெளியே சுறுசுறுப்பாகப் பீடி சுற்றிக்கொண்டிருந்தன. சொந்த மகள் கல்யாணத்தில் வெளிப்படத்தில் தன் செருப்புக்கூடத் தெரியக்கூடாது என்று சண்டை போட்டவள் இந்த மாமி. அதை நினைத்துக்கொண்டு ஃபஹ்மிதா தயங்கித் தயங்கி விஷயத்தைச் சொன்னாள்.

மாமி கேட்டு முடிக்கும்வரை பீடியை நிறுத்தவில்லை. பிறகு தட்டைக் கீழே வைத்துவிட்டுக் கையை நீட்டினாள்.

"இதுல எத்தன விரல் இருக்கு?"

"அஞ்சு மாமி."

"அந்தப் பய தோளக் குடுக்கலன்னா எத்தன இருந்திருக்கும்? எண்ணிப் பாத்தியா? வெரல் போனா எனக்குப் பீடியும் போச்சு, சோறும் போச்சு. எவ பெத்த பிள்ளையோ, எனக்காவ உள்ள கெடக்கான். நான் எம் மூஞ்சியப் பொத்திக்கிட்டு இங்கன உக்காந்திருக்கணுமா?"

"கேஸ்ல சேப்பாவ மாமி. கத்தார்ல இருக்க நாசர் காக்கா பாத்தாருன்னா…"

"என் தம்பிதான? பாக்கட்டும். நான் என்ன ஆட்டமா ஆடுனேன்? அடி வாங்குனேன். அடிச்சவன் மூஞ்சியத் தொறந்து வச்சிக்கிட்டுத் திரியுதான், அடி வாங்குனவ எதுக்கு மறைக்கணும்?" மாமி பர்தாவை எடுத்து மாட்டினாள். "நீ கார்ட எடுத்துட்டுக் கோர்ட்டுக்குப் போ. மத்தவளுவட்ட நான் பேசுதேன்."

பேசினாள். படத்தில் தெரிந்த ஒவ்வொரு பெண்ணின் வீட்டுக்கும் கட்டுப் போட்ட கையோடு போய்ப் பேசினாள். சில வீட்டில் புருஷன்மார் முணுமுணுத்தார்கள். அவர்களையும் குழாயடிக்குக் கூட்டிக்கொண்டு போய் ஒரு கை அள்ளிக் குடிக்கச் சொன்னாள். குடிப்பானா எவனும்? முணுமுணுப்பு அத்தோடு சரி. இரண்டு பெண்கள் மட்டும் யோசித்துச் சொல்கிறோம் என்றார்கள். ஜாமீன் மனு விசாரணைக்கு வந்த அன்று கோர்ட் வாசலில் முதல் ஆளாக வந்து நின்றதும் அந்த இரண்டு பேர்தான்.

வாசலில் எல்லாருடைய செல்போனையும் அணைக்கச் சொன்னார்கள். ஃபஹ்மிதா கேமராவை மேசையில் கொடுத்துவிட்டு, கார்டை மட்டும் கைக்குட்டையில் சுற்றி எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். கேமரா இல்லாத கை அவளுக்கு என்னவோ போல் இருந்தது. இன்ஸ்பெக்டர் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். ஏட்டு நேசையா கேஸ் கட்டோடு சுவரோரம் நின்றார். மாரிசெல்வம் ஒரு வாரத் தாடியோடு கூண்டருகே நின்று, இசக்கியம்மாள் எங்கே என்று தேடிக்கொண்டிருந்தான்.

நீதிபதி ஓர் அம்மாள், கிருஷ்ணகிரிப் பக்கம். மூக்குக் கண்ணாடிக்கு மேலாகப் பார்க்கிறவர். அரசு வக்கீல் எழுந்து எஃப்.ஐ.ஆரை வாசித்தார். அனுராதா எழுந்து, இது பையை அல்ல, பைய, இந்த வட்டாரத்தில் மெல்ல என்று அர்த்தம் என்றாள்.

அரசு வக்கீல் சிரித்தார். "பேச்சு வழக்கில் பையை என்பதை எல்லா ஊரிலும் பைய என்றுதான் சொல்வார்கள் அம்மா. பைய எடு, பைய வை, பைய போடு. பை பறப்பது படத்திலேயே இருக்கிறது."

"எங்க பக்கத்திலும் பைய என்றால் பைதான்," என்றார் நீதிபதி. "மெல்ல என்று நான் கேள்விப்பட்டதில்லை. வேறென்ன இருக்கிறது உங்களிடம்?"

அனுராதா திரும்பிப் பார்த்தாள். ஃபஹ்மிதா எழுந்து போய்க் கைக்குட்டையை அவிழ்த்துக் கார்டை மேசைமேல் வைத்தாள்.

"இது அசல் அம்மா. இத இத்தன நாளு குடுக்காம வச்சிருந்தது நான்தான். இதுல இருக்கவங்க மூஞ்சி தெரிஞ்சிரும்னு வச்சிருந்தேன்."

"ஏற்கெனவே ஒரு படத்தை வெட்டி ஒட்டியவர் இவர்," என்று அரசு வக்கீல் எழுந்தார். "இதை ஆய்வுக்கு அனுப்பாமல் எப்படி நம்புவது? தவிர, அதில் இருக்கும் மற்ற நபர்களையும் போலீஸ் அடையாளம் காண வேண்டியிருக்கிறது."

"அடையாளம் எதுக்குக் காணணும்? நாங்க வந்திருக்கோம்லா," என்று பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது.

ஜனாபா மாமி வாசல்நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். முகத்தை மறைக்கவில்லை. அவளுக்குப் பின்னால் வராந்தா முழுக்கப் பெண்கள். அன்றைக்குக் கடைக்குள் இருந்த அத்தனை பேரும். கட்டுப் போட்ட தலை ஒன்று, வீங்கிய கண் ஒன்று, இடுப்பில் பிள்ளையோடு ஒருத்தி.

"பார்த்தா அடையாளம் தெரியும்னு எழுதியிருக்காவள்லா. பாத்துக்கிடச் சொல்லுங்க அம்மா," என்றாள் மாமி. "ஒருத்தி பாக்கியில்லாம வந்திருக்கோம்."

ஹாலில் சலசலப்பு எழுந்தது. வராந்தாவில் இருந்தவர்கள் உள்ளே எட்டிப் பார்க்க, முன்னால் நின்றவர்கள் நெரிபட்டார்கள். நீதிபதி மேசையைத் தட்டினார். "அமைதி. வெளியே சத்தம் அதிகமாக இருக்கிறது. அந்தக் கதவைச் சாத்துங்கள்."

வாசலில் நின்ற இளவட்டக் கான்ஸ்டபிள் கதவைப் பிடித்து விசையாகத் தள்ளினான். பழைய காலத்துத் தேக்குக் கதவு. வாசல்நிலையில் கட்டுப் போட்ட மணிக்கட்டும் ஐந்து விரலும்.

"ஏலே, பையச் சாத்துலே. பொம்பள கை கெடக்கு, பைய."

சொன்னது ஏட்டு நேசையா. கேஸ் கட்டைக் கீழே போட்டுவிட்டுப் பாய்ந்து போய்த் தோளால் கதவைத் தாங்கிக்கொண்டிருந்தார்.

கதவு நின்றது. மாமி கையை எடுத்துக்கொண்டு, ஏட்டை ஏற இறங்கப் பார்த்தாள். கூண்டருகே நின்ற மாரிசெல்வம் வாயைத் திறந்தபடி நின்றான். தன் குரலே வேறொருத்தன் வாயிலிருந்து வந்ததைக் கேட்டவன் வேறெப்படி நிற்பான்?

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார்.

"ஏட்டு, இப்போது என்ன சொன்னீர்கள்?"

நேசையா கதவிலிருந்து தோளை எடுத்தார். "கதவச் சாத்தச் சொன்னேன் அம்மா."

"எப்படிச் சாத்தச் சொன்னீர்கள்?"

அவர் இன்ஸ்பெக்டரைப் பார்த்தார். இன்ஸ்பெக்டர் சுவரைப் பார்த்தார். பிறகு நேசையாவின் கண், கட்டுப் போட்ட கையில் போய் நின்றது.

"பையச் சாத்தச் சொன்னேன்."

"அந்தக் கதவில் பை எதுவும் இருக்கிறதா?"

"இல்லம்மா." அவர் நீதிபதியை நிமிர்ந்து பார்த்தார். "'பைய'ன்னா எங்க ஊர்ல மெல்லன்னு அர்த்தம். நான் பொறந்ததுலேர்ந்து அப்பிடித்தான்."

"எஃப்.ஐ.ஆர் எழுதியது நீங்கள்தானே? அப்போது தெரியாதா?"

நேசையா தலையைக் குனிந்துகொண்டு, கீழே சிதறிக் கிடந்த கேஸ் கட்டைப் பொறுக்க ஆரம்பித்தார். அரசு வக்கீல் திறந்து வைத்திருந்த எஃப்.ஐ.ஆரை மூடினார். ஃபஹ்மிதாவின் கை தன்னையறியாமல் இடுப்பில் கேமராவைத் துழாவியது. இத்தனை வருஷத்தில் இப்படி ஒரு காட்சி அவள் முன்னால் நடந்ததில்லை, நடந்தபோது கையில் கேமரா இல்லை. போகட்டும், ஒரு ஹால் நிறைய ஆள் பார்த்திருக்கிறது. வெட்ட முடியாது, ஒட்ட முடியாது.

மாரிசெல்வத்துக்கு ஜாமீன் கிடைத்தது. கார்டு ஆய்வுக்குப் போயிற்று. வந்திருந்த பெண்களின் பேரை எல்லாம் இன்ஸ்பெக்டர் வராந்தாவில் நின்று எழுதிக்கொண்டார். எழுதட்டுமே. ஒருத்தியும் தயங்கவில்லை. பேரைச் சொன்னார்கள், வாப்பா பேரைச் சொன்னார்கள், தெருப் பேரைச் சொன்னார்கள், கூடவே வீட்டுக் குழாயில் என்ன நிறத்தில் தண்ணீர் வருகிறது என்றும் சொன்னார்கள். அதை மட்டும் அவர் எழுதவில்லை. வருகிற திங்கட்கிழமை மறுபடியும் அதே இடத்தில் உட்காரப் போகிறோம், அன்றைக்கு வந்து எழுதிக்கொள்ளுங்கள் என்றாள் இசக்கியம்மாள். அவள் புருஷன் ஜெயிலிலிருந்து வெளியே வரச் சாயங்காலம் ஆகும். அவளோ இப்போதே அடுத்த மறியலுக்குக் குடம் தயார் என்கிறாள்.

வெளியே வேப்பமரத்தடியில் ஃபஹ்மிதா கேமராவை வாங்கிக் கழுத்தில் மாட்டினாள். வேறொரு கார்டைச் செருகினாள். ஜனாபா மாமி எல்லாரையும் மரத்தடியில் வரிசையாக நிறுத்திவிட்டு வந்து நடுவில் நின்றாள்.

"எடு," என்றாள்.

ஃபஹ்மிதா கேமராவைத் தூக்கினாள், இறக்கினாள். "உள்படமா மாமி, வெளிப்படமா?"

"இனிமே எல்லாம் ஒரே படந்தான். மூஞ்சி மூஞ்சியா எடு. எவளையாவது வெட்டுன, ஒன் கையை வெட்டிருவேன்."

பெண்கள் சிரித்தார்கள். இசக்கியம்மாளும் சிரித்தாள். அன்றைக்குப் பிறகு அவள் சிரித்து ஃபஹ்மிதா பார்த்தது அதுதான் முதல் தடவை. ஒரு ஓரத்திலிருந்து தொடங்கி ஒவ்வொரு முகமாகக் கேமராவை நகர்த்தினாள். கை கொஞ்சம் அவசரப்பட்டது.

"பைய எடுளா," என்றாள் மாமி. "எல்லாரும் படத்துல விழணும்."

படியிறங்கிக்கொண்டிருந்த இன்ஸ்பெக்டர் அந்தச் சொல்லைக் கேட்டதும் சட்டென்று திரும்பிப் பார்த்தார். யார் கையிலும் பை இல்லை.